புறாவின் பெயரும் பறிபோன நாவும்

என்பால் முன்பு தமிழ் பயின்ற இளைஞர் ஒருவர் சென்ற திங்கள் இல்லம் வந்திருந்தார். பெண் மகவு பிறந்த மகிழ்ச்சி அவர் முகத்தில் இருந்தது. "பெயர் ஒன்று தேர்ந்து வைத்திருக்கிறோம், ஐயா. பொருளில் பிழையில்லையே என்று தாங்கள் பார்த்துச் சொல்ல வேண்டும்" என்று ஒரு தாளை நீட்டினார். 'கொலும்பா, இலத்தீனம், புறா' என்று அதில் எழுதியிருந்தது. பொருளில் பிழையில்லை. "இப்பெயர் ஏன், தம்பி?" என்றேன். "பறவைப் பெயர், ஐயா, புதுமையாகவும் இருக்கிறது" என்றார். "அப்படியானால் மணிப்புறா என்றே பெயரிடலாமே!" என்றேன். அவர் சிரித்துவிட்டார்.

அந்தச் சிரிப்பு என்னை அன்றிரவு உறங்க விடவில்லை. அவர் தமிழை வெறுப்பவர் அல்லர். நம் கூட்டங்களுக்கு வருபவர். நம் தாள்களை வாங்கிப் படிப்பவர். இலத்தீனத்தில் ஓரெழுத்தும் அறியாதவர். ஆயினும், ஒரே பறவை, ஒரே பொருள்; இலத்தீனத்திற் சொன்னால் அது பெயர்; தமிழிற் சொன்னால் அது நகைப்பு! தன் தாய்மொழிச் சொல்லைக் கேட்டு ஒருவன் தானே நகைக்கும் இவ்விழிநிலை எங்ஙனம் வந்தது? அது எங்குக் கொண்டுபோய் விடும்? இவ்விரு வினாக்களுக்கும் விடையை வேறெங்கும் தேட வேண்டுவதில்லை. அவர் கொண்டு வந்த அந்தக் கொலும்பா என்னும் பெயரின் வரலாறே விடை கூறும். அன்பர்கள் பொறுத்துப் படிக்க வேண்டுகின்றேன்.

பெயரின் பிறப்பு

'கொலும்பா' என்பது இலத்தீனத்தில் புறாவைக் குறிக்கும் பெண்பாற் சொல். புறா வளர்க்கும் மாடத்தை அம்மொழியாளர் 'கொலும்பாரியம்' என்றனர். புறாமாடம் போல் அடுக்கடுக்காய்ப் பொந்துகள் அமைத்து, எரித்தோரின் சாம்பற் கலங்களை வைத்த கல்லறைகளுக்கும் பின்னர் அப்பெயரே வழங்கலாயிற்று. கிறித்தவ சமயம் உரோம நாட்டிற் பரவியபோது இச்சொல்லுக்குப் புதிய மதிப்பு வந்தது. இயேசு திருமுழுக்குப் பெற்றபோது தூய ஆவி புறா வடிவில் இறங்கியதாக நற்செய்தி நூல்கள் கூறுவதால், புறா சமயக் குறியாயிற்று, குறி பெயராயிற்று. பெண்பாற் சொல்லாயினும் ஆடவரும் துறவியரும் அதனை மேற்கொண்டனர்.

அவருள் தலையாயவர் அயர்லாந்து நாட்டின் வடமேற்கில் உள்ள தானிகால் பகுதியில், கார்த்தன் என்னும் ஊரில், கி.பி. 521ஆம் ஆண்டளவிற் பிறந்த ஓர் அரசகுடி மகனார். அவருக்கு முதலில் நரி என்னும் பொருளுடைய ஐரிசுப் பெயர் இருந்தது என்றும், துறவு பூண்டபின் புறா என்னும் பெயரைப் பெற்றார் என்றும் அந்நாட்டுப் பழங்கதைகள் பகரும். 563இல் பன்னிரு துணைவரோடு கடல் கடந்து, இசுக்காட்லாந்தின் மேலைக் கரையில் உள்ள அயோனாத் தீவில் மடம் நிறுவினார். 597ஆம் ஆண்டு சூன் 9ஆம் நாள் அங்கேயே மறைந்தார். அம்மடத்தின் பிற்காலத் தலைவர்களுள் ஒருவரான அதொம்னான், ஏறத்தாழ நூறாண்டு கழித்து இலத்தீனத்தில் அவர் வரலாற்றை எழுதினார். எபிரேயத்தில் யோனா, கிரேக்கத்தில் பெரிசுதெரா, இலத்தீனத்தில் கொலும்பா எனப் புறாவுக்குரிய மூன்று மொழிச் சொற்களையும் அவர் அந்நூலிலேயே எடுத்துக் காட்டினார்.

இங்கு ஒரு வேடிக்கையும் உண்டு. அயோனா என்னும் தீவுப் பெயரும் அந்த எபிரேயப் புறாதான் என்று சிலர் எழுதுவர். அது பிழை. அதொம்னான் அத்தீவின் பெயரை 'இயோவா' என்னும் வடிவிலேயே எழுதினார். பின்னர்ப் படியெடுத்தோர் 'உ' எழுத்தை 'ந' எழுத்தாகத் திரித்துப் படித்ததால் 'இயோனா' தோன்றி நிலைத்தது. ஏடெழுதுவோன் பிழை ஒரு தீவின் பெயராகவே ஆகிவிட்டது! ஒலி ஒத்தால் உறவு என்று கொள்வது மொழிநூல் ஆகாது என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுமோ? இவ்வாறே நம் கொழும்பு நகரின் பெயரும் கொலும்பாவினின்று வந்தது என்பாரும் உளர். கொலம்பசு பிறப்பதற்கு நூறாண்டு முன்னரே, 14ஆம் நூற்றாண்டில், இபன் பத்தூத்தா என்னும் வழிப்போக்கர் அவ்வூரைக் 'களன்பு' என்று குறித்துள்ளார். பின்னர் வந்த போர்த்துகீசியர் தம் நாவுக்கேற்பக் 'கொலம்போ' என்று எழுதிக்கொண்டனர். அவ்வளவே.

பிறர் கொண்ட முறை

தாளில் எழுதப்பெற்ற மூன்று சொற்கள் மறைத்துவிட்ட செய்திக்கு இனி வருகின்றேன். கொலும்பா என்னும் சொல்லை ஏற்ற பல நாட்டு மக்கள் அதனைக் கொலும்பா என்றே வைத்துக் கொள்ளவில்லை!

ஐரிசு மக்கள் அதன் வாலை அறுத்துக் 'கொலும்' என்றனர். பின்னர் அது 'கொலம்' என்று குறுகிற்று. அவர்கள் மொழியில் புறாவிற்கே அது பொதுப்பெயருமாயிற்று. தம் துறவியைக் 'கொலும் கில்லெ', அஃதாவது கோயிற்புறா, என்று தம் சொல்லையும் சேர்த்து அழைத்தனர். இசுக்காட்லாந்து மக்கள் 'கலம்' என்றனர். அவருக்கு அடியான் என்னும் பொருளில் 'மாயெல் கொலும்' என்று பிள்ளைகளுக்குப் பெயரிட்டனர். அதுவே 'மால்கம்' ஆயிற்று. இசுக்காட்லாந்து அரசர் நால்வர் அப்பெயரால் ஆண்டனர். இத்தாலியர் 'கொலம்போ' என்றனர். பிரெஞ்சியர் 'கொலொம்பு' என்றனர். 1492இல் கடல் கடந்த அந்த இத்தாலிய மாலுமியின் குடிப்பெயரும் புறாதான். அவரைத் தம் பணியில் அமர்த்திய எசுப்பானியர் அவர் பெயரையும் விட்டுவைக்கவில்லை. 'கொலோன்' என்று தம் நாவுக்கு வளைத்துக் கொண்டனர்.

இன்னும் ஒன்று கேளுங்கள். ஓவியர் பிக்காசோ எசுப்பானியர். 1904 முதல் பிரான்சில் வாழ்ந்தவர். 1949ஆம் ஆண்டு ஏப்பிரலில் பாரிசு நகரில் நடந்த உலக அமைதி மாநாட்டிற்கு அவர் வரைந்த புறாவே விளம்பரத்தாளில் இடம்பெற்றது. அதே திங்களில் அவருக்கு ஒரு மகள் பிறந்தாள். புறாவின் பெயரையே இட விரும்பினார். நாற்பத்தைந்து ஆண்டுகள் பிரெஞ்சு மண்ணில் வாழ்ந்தவர் பிரெஞ்சுச் சொல்லை நாடவில்லை. இலத்தீனச் சொல்லையும் நாடவில்லை. 'பலோமா' என்று தம் தாய்மொழிச் சொல்லாலேயே பெயரிட்டார். எவரும் சிரிக்கவில்லை! உலகமே அதனை அழகிய பெயர் என்றது. தன் வீட்டுப் புறாவைத் தன் மொழியில் அழைக்கும் துணிவு அவருக்கு இருந்தது. அத்துணிவுதான் நம் இளைஞருக்கு இல்லாமற் போயிற்று.

பெயரைப் பறித்த சட்டங்கள்

அயல் வழக்கைத் தன் நாவுக்கு வளைப்பவன் உரிமையுடையவன். அயல் வழக்குக்குத் தன் நாவை வளைப்பவன் அடிமை. இவ்வேறுபாட்டை அயர்லாந்து தன் குருதியால் எழுதி வைத்திருக்கிறது.

அந்நாட்டைப் பற்றிக்கொண்ட ஆங்கிலேயர் முதலிற் கை வைத்தவற்றுள் ஒன்று பெயர். 1366இல் கில்கென்னி நகரிற் சட்டம் இயற்றினர். அயர்லாந்தில் குடியேறிய ஆங்கிலேயர் ஐரிசு மொழி பேசலாகாது. ஐரிசு முறையிற் பெயரிடலாகாது. மீறினால் நிலம் பறிக்கப்படும் என்றது அச்சட்டம். தம்மவர் ஐரிசுக்காரராய்க் கரைந்து போகாமல் தடுக்கப் பெயரே முதல் அரண் என்பதை அவர்கள் நன்கு அறிந்திருந்தனர். நூறாண்டு கழித்து, 1465இல், அதே கருவியை ஐரிசு மக்கள்மேல் திருப்பினர். தம் ஆட்சி எல்லைக்குள் வாழும் ஐரிசுக்காரர் ஒவ்வொருவரும் ஆங்கிலக் குடிப்பெயர் கொள்ள வேண்டும். ஊர்ப்பெயரோ, கறுப்பு, வெளுப்பு போன்ற நிறப்பெயரோ, கொல்லன், தச்சன் போன்ற தொழிற்பெயரோ ஆங்கிலத்தில் இருத்தல் வேண்டும் என்று விதித்தனர்.

சட்டம் செய்யாததைக் காலப்போக்கில் எழுத்தர்தம் எழுதுகோல் செய்தது. பேரன் என்னும் பொருளுடைய 'ஓ', மகன் என்னும் பொருளுடைய 'மாக்' ஆகிய முன்னொட்டுகள் உதிர்ந்தன. கொல்லன் மகன் எனப் பொருள்படும் 'மாக் கோவன்' பல இடங்களில் 'சுமித்து' ஆனான். முதலில் பதிவேட்டிற்கு ஒரு பெயர், வீட்டிற்கு ஒரு பெயர் என்றிருந்தது. பின்னர் வீட்டுப் பெயரைச் சொல்ல வெட்கம் வந்தது. அதன்பின் அதனைக் கேட்டால் சிரிப்பு வந்தது. அன்பர்களே, அந்தச் சிரிப்பைத்தான் நான் சென்ற திங்கள் என் வீட்டுத் திண்ணையிற் கேட்டேன்!

1892ஆம் ஆண்டு நவம்பர் 25ஆம் நாள் தப்லின் நகரில் தக்ளசு ஐடு என்னும் அறிஞர் ஒரு சொற்பொழிவு நிகழ்த்தினார். அயர்லாந்து ஆங்கிலச் சாயலைக் களைய வேண்டியதன் தேவையே அதன் பொருள். மொழி, இசை, விளையாட்டு, உடை ஆகியவற்றோடு, மக்கள் தம் மூதாதையர் பெயர்களை நாணத்தால் ஆங்கிலமாக்கிக் கொண்ட இழிவையும் அவர் அங்கு இடித்துரைத்தார். அடுத்த ஆண்டிலேயே கேலிக்கு மொழிக் கழகம் பிறந்தது. அவரே 1938இல் அயர்லாந்தின் முதற் குடியரசுத் தலைவரானார்.

அக்கழகம் ஊட்டிய உணர்வின் விளைவாய் எழுந்த வழக்கு ஒன்றை நம்மவர் ஒவ்வொருவரும் அறிதல் வேண்டும். கோயிற்புறா பிறந்த அதே தானிகால் மண்ணில், நீயல் மாக் கில்லா விரீதெ என்னும் பாவலர் தம் வண்டியில் தம் பெயரை ஐரிசு மொழியில், ஐரிசு எழுத்தில் எழுதினார். உரியவர் பெயர் படிக்கத்தக்க எழுத்தில் இருத்தல் வேண்டும் என்பது சட்டம். ஐரிசு எழுத்து படிக்கத்தக்கது அன்று என்று கூறி அவருக்குத் தண்டம் விதித்தனர். 1905இல் தப்லின் உயர்மன்றத்தில் அவருக்காக வழக்காடியவர் பேற்றிக்கு பியர்சு. வழக்குத் தோற்றது. தன் மண்ணில், தன் வண்டியில், தன் பெயரைத் தன் எழுத்தில் எழுதியது குற்றம்! அந்தப் பியர்சுதான் 1916ஆம் ஆண்டு ஈசுதர்க் கிளர்ச்சிக்குத் தலைமை ஏற்று, ஆங்கிலேயரின் குண்டுக்கு மார்பு காட்டி மாண்டார். வண்டியில் எழுதிய பெயரைச் சிறுசெய்தி என்று அவர் கருதவில்லை.

நாவைப் பறித்த பள்ளிகள்

பெயர் போனபின் மொழி எத்துணைக் காலம் நிற்கும்? 1831இல் அரசு நிறுவிய பள்ளிகள் ஆங்கிலத்தையே கற்பித்தன. ஐரிசுக் குழந்தையின் கழுத்தில் ஒரு கோலைக் கட்டித் தொங்கவிட்டு, அது தாய்மொழியில் ஒரு சொல் சொல்லுந்தோறும் கோலில் ஒரு வெட்டு வெட்டி, வெட்டுகளை எண்ணி அடித்த கொடுமை பல ஊர்களில் நடந்தது. கோலை வெட்டியவர்களுள் பெற்றோரும் உண்டு என்பதுதான் நெஞ்சைப் பிளக்கும் செய்தி. மகன் ஆங்கிலம் கற்றுப் பிழைக்கட்டும் என்னும் அன்பே அவர்களை அங்ஙனம் செய்வித்தது. 1845 முதல் 1849 வரை உருளைக்கிழங்குப் பயிர் அழுகிக் கொடும் பஞ்சம் வந்தது; ஏறத்தாழப் பத்து இலக்கம் பேர் மடிந்தனர்; அதற்குக் குறையாத தொகையினர் கடல் கடந்தனர். ஐரிசு பேசிய ஏழை ஊர்களே மிகுதியும் வெறுமையாயின.

1851ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் ஐரிசு அறிந்தோர் ஏறத்தாழ 15 இலக்கம். 1891இல் அத்தொகை 7 இலக்கத்திற்கும் கீழ். விடுதலை வந்தது, 1937ஆம் ஆண்டு அரசியலமைப்பு ஐரிசை முதல் ஆட்சிமொழி என்றது, 2007இல் அது ஐரோப்பிய ஒன்றியத்தின் ஆட்சிமொழிகளுள் ஒன்றாயிற்று. பள்ளிதோறும் கற்பிக்கின்றனர். எனினும் 2022ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி, ஐரிசு பேச முடியும் என்போர் 18 இலக்கத்திற்கு மேல் இருந்தும், கல்விக்கூடத்திற்கு வெளியே நாள்தோறும் அதனைப் பேசுவோர் ஏறத்தாழ 72 ஆயிரம் பேரே!

இன்று அந்நாட்டினர் பிள்ளைகளுக்கு மீண்டும் கொலம் என்று பெயரிடுகின்றனர். ஓவும் மாக்கும் திரும்பி வந்துவிட்டன. பெயரை மீட்டனர், நாவை மீட்க இயலாமல் தவிக்கின்றனர். பெயர் ஒன்றினால் மட்டுமே மொழி அழிந்தது என்று நான் கூறவில்லை. பஞ்சமும் பள்ளியும் படைவலிவும் அழித்தன. ஆயினும் அம்மூன்றும் வருமுன், தன் பெயரைக் கேட்டுத் தானே நாணும் நோய் அம்மக்களுள் புகுந்துவிட்டது. வேலி சாய்ந்த விளைபுலத்திலேதான் மாடு மேயும்.

நம் வாயில்

அவர்களுக்கேனும் சட்டமும் தண்டமும் இருந்தன. நமக்கு எந்த அரசு சட்டம் போட்டது? எந்தக் காவலன் வண்டியை மறித்தான்? நம் கையாலேயே நம் பிள்ளைகளுக்கு அயற்பெயரைச் சூட்டி, அதற்கு விழாவும் எடுக்கின்றோம்!

நாள்தோறும் காலையில் வகுப்பில் வருகைப் பதிவேட்டைப் படிக்கின்றேன். தமிழெழுத்தால் எழுதத்தக்க பெயர்கள் அருகி வருகின்றன. வடவெழுத்தின்றி எழுதவியலாத பெயர்களே வரிசை வரிசையாய் நிற்கின்றன. "உன் பெயருக்குப் பொருள் என்ன?" என்று வினவினால் பிள்ளை விழிக்கிறது, பெற்றோரை வினவினால் அவரும் விழிக்கின்றனர். முன்பு வடமொழிப் பெயர் மோகம். இப்போது அதுவும் பழையதாகி, இலத்தீனம், கிரேக்கம், எபிரேயம் என்று கடல் கடந்து தேடத் தொடங்கியிருக்கின்றனர். கயிறு மாறினும் கட்டு மாறவில்லை.

அயற்சொல் வந்தால் என் செய்வது என்பதை நமக்கு எவரும் புதிதாய்க் கற்பிக்க வேண்டுவதில்லை. வடசொல் வருமாயின் வடவெழுத்தை நீக்கித் தமிழெழுத்தோடு பொருந்தச் செய்க என்று தொல்காப்பியர் எச்சவியலிலேயே வாயிற்காவல் வைத்துவிட்டார். கம்பர் தம் கதைமாந்தரை இலக்குவன், வீடணன் என்றே உள்ளே விட்டார். இத்தாலியில் 1680இல் பிறந்து இங்கு வந்த வீரமாமுனிவர், தம் தேம்பாவணியில் சூசையை வளன் என்றும் அருளப்பரைக் கருணையன் என்றும் வழங்கினார். இலத்தீனம் கற்றுத் தெளிந்த துறவி அவர்! அவருக்கே இல்லாத இலத்தீனப் பெயர் மோகம் அம்மொழியை அறியாத நமக்கு ஏன்? சமயப்பற்றுக்குத் தமிழ்ப்பெயர் தடை என்பாருக்கு அவர் வாழ்வே மறுப்பு. கிறித்தவக் குடியிற் பிறந்த மொழிஞாயிறு பாவாணர், தேவநேசன் என்று பெற்றோர் இட்ட பெயரைத் தேவநேயன் என்று திருத்திக் கொண்டார். கவிவாணன் என்னும் பட்டத்தைப் பாவாணர் என்று மாற்றிக் கொண்டார். சூரியநாராயணர் பரிதிமாற்கலைஞர் ஆனார். வேதாசலனார் மறைமலையடிகள் ஆனார்.

இலத்தீனத்தை நான் பழிக்கவில்லை. அது பெருமொழி, பல மொழிகளை ஈன்ற தாய். அதன் நூல்களைக் கற்போம். அதன் புறாவைப் போற்றுவோம். ஆனால் நம் மாடத்துப் புறாவை விரட்டிவிட்டு அன்று.

பறவைப் பெயர் வேண்டுமா? காக்கையைப் பாடிய நச்செள்ளையாரைக் காக்கைபாடினியார் என்றே அழைத்துப் பெருமைப்படுத்திய இனம் இது. கூகைக்கோழியார் என்னும் புலவர் பெயரைப் புறநானூறு தாங்கி நிற்கிறது. காக்கைக்கும் கூகைக்கும் நாணாத மக்களின் வழிவந்தோர் புறாவுக்கு நாணுவதோ? ஒரு புறாவின் துயர் பொறாமல் தன்னுடலையே ஈயத் துணிந்த செம்பியனைச் சோழர்க்கு முன்னோனாகப் பாடிய மொழியில் புறா நகைப்புச் சொல்லோ? மயில், குயிலி, கிள்ளை, பூவை, தோகை, அன்றில், மணிப்புறா! பொருள் தேடித் தாளை எடுத்துக்கொண்டு எந்த ஆசிரியரின் வீட்டிற்கும் போக வேண்டாத பெயர்கள் இவை. அழைக்கும்போதே பொருள் தெரியும்.

அந்த இளைஞரிடம் இவற்றையெல்லாம் அன்று சொல்ல எனக்கு நா எழவில்லை. "மகளைக் கொலும்பா என்று அழைப்பீர், அவள் முற்றத்தில் வந்திறங்கும் பறவையைக் காட்டி அது என்னவென்று கேட்டால் என்ன சொல்வீர்?" என்று மட்டும் கேட்டேன். அவர் சற்று நேரம் தாளைப் பார்த்திருந்தார். பின்னர் அதனை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, "வீட்டிற் கலந்து பேசுகிறேன், ஐயா" என்று எழுந்தார். இம்முறை அவர் சிரிக்கவில்லை.

தமிழ்ப் பெற்றோரே! ஐரிசு மக்கள் இழந்தபின் அழுதனர். நம் நா இன்னும் நம்மிடமே இருக்கிறது. அது தேயத் தொடங்கும் இடம் தொட்டில். காவலையும் அங்கேயே தொடங்குங்கள். உங்கள் குழந்தையின் காதில் முதன்முதலாக விழும் சொல் தமிழாக இருக்கட்டும்!